எம்.எல்.ஏ. பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்: வேலூர்ப் பக்கத்து மக்களுக்காக

சத்துவாச்சாரியில் இருக்கும் கலெக்டர் அலுவலகத்துக்குத் திங்கட்கிழமை குறைதீர்வு நாளில் வருகிறவர்களுக்கு மனு எழுதிக் கொடுப்பது என் தொழில். மனு எழுதுவதற்குள் பாதிப் பேச்சு எம்.எல்.ஏ.வைப் பற்றியே போய்விடும். அவர் செய்யவே முடியாத வேலையை அவரிடம் எதிர்பார்த்து ஏமாறுகிறவர்கள் நிறையப் பேர். அவர் மட்டுமே செய்யக்கூடிய வேலையை யாரும் கேட்பதே இல்லை. திரும்பத் திரும்ப வரும் கேள்விகளை, கேட்டவர்கள் கேட்ட மாதிரியே எழுதிப் பதில் சொல்லியிருக்கிறேன்.

எம்.எல்.ஏ.ன்னா இன்னா வேலை சார்? தெரு லைட் எரியலைன்னாலும் அவர்கிட்டதான் போகணுமா?

வேண்டாம். தெரு விளக்கு, சாக்கடை, குப்பை எல்லாம் மாநகராட்சி, நகராட்சி, பேரூராட்சி, ஊராட்சி வேலை. வார்டு கவுன்சிலரையோ ஊராட்சித் தலைவரையோ பாருங்கள். பட்டாவுக்குத் தாசில்தார், ரேஷன் கார்டுக்கு வட்ட வழங்கல் அலுவலர். இதற்கெல்லாம் எம்.எல்.ஏ. வீட்டு வாசலில் காலையிலிருந்து நிற்பது உங்கள் ஒருநாள் கூலிக்குத்தான் நஷ்டம்.

அவருடைய வேலை சென்னையில், புனித ஜார்ஜ் கோட்டையில். மாநிலத்துக்குச் சட்டம் போடுவது, அரசாங்கம் கேட்கிற பணத்துக்கு ஒப்புதல் கொடுப்பது, மந்திரிகளைக் கேள்வி கேட்பது இந்த மூன்றும்தான் அவருக்குச் சட்டப்படியான முக்கிய வேலை. தொகுதியைச் சுற்றி வருவதும் கல்யாணம், காரியத்துக்குத் தலைகாட்டுவதும் பழக்கத்தில் வந்தவை. தப்பில்லை, ஆனால் அதை மட்டும் வைத்து அவரை அளக்கக் கூடாது.

எனக்கு எந்தத் தொகுதின்னே தெரியலை. நம்ம மாவட்டத்துல எத்தனை எம்.எல்.ஏ.?

தமிழ்நாடு முழுக்க 234 பேர். பழைய வேலூர் மாவட்டத்தில் 13 தொகுதிகள் இருந்தன. 2019 நவம்பரில் மாவட்டம் மூன்றாகப் பிரிந்தபோது அவையும் பிரிந்தன. வேலூருக்குக் காட்பாடி, வேலூர், அணைக்கட்டு, கே.வி.குப்பம், குடியாத்தம் என ஐந்து. ராணிப்பேட்டைக்கு அரக்கோணம், சோளிங்கர், ராணிப்பேட்டை, ஆற்காடு என நான்கு. திருப்பத்தூருக்கு வாணியம்பாடி, ஆம்பூர், ஜோலார்பேட்டை, திருப்பத்தூர் என நான்கு. இவற்றில் அரக்கோணம், கே.வி.குப்பம், குடியாத்தம் மூன்றும் தனித் தொகுதிகள்.

உங்கள் வாக்காளர் அட்டையை எடுத்துப் பாருங்கள், சட்டமன்றத் தொகுதியின் எண்ணும் பெயரும் அதிலேயே அச்சாகியிருக்கும். வயதானவர்கள் சிலர் இன்னமும் பேரணாம்பட்டுத் தொகுதி, நாட்றாம்பள்ளித் தொகுதி என்று சொல்வார்கள். தொகுதி எல்லைகளைத் திருத்தி அமைத்த 2008 மறுவரையறையில் அந்த இரண்டும் போய்விட்டன. கே.வி.குப்பம் அப்போது புதிதாக வந்தது.

நான் காட்பாடி. வேலூர் மாநகராட்சிக்குத்தான் வரி கட்டுறேன். அப்போ வேலூர் எம்.எல்.ஏ., வேலூர் எம்.பி.தானே எனக்கு?

இரண்டுமே இல்லை. பாலாற்றுக்கு வடக்கே இருக்கும் காட்பாடி, காந்தி நகர் எல்லாம் வேலூர் மாநகராட்சிக்குள் இருந்தாலும் சட்டமன்றத்துக்குக் காட்பாடித் தொகுதி. நாடாளுமன்றத்துக்குக் காட்பாடி அரக்கோணத்தோடு சேர்ந்தது. ஆற்றுப் பாலத்தைத் தாண்டினால் எம்.எல்.ஏ.வும் வேறு, எம்.பி.யும் வேறு.

இதற்கு நேர்மாறாக ஆம்பூரும் வாணியம்பாடியும் திருப்பத்தூர் மாவட்டத்தில் இருக்கின்றன, ஆனால் எம்.பி. வேலூர் எம்.பி.தான். மாவட்ட எல்லையை மாநில அரசு மாற்றலாம். தொகுதி எல்லையை மறுவரையறை ஆணையம்தான் மாற்ற முடியும். அதனால்தான் இரண்டும் பொருந்துவதில்லை. மனுவில் முகவரி எழுதும்போது மாவட்டம், தொகுதி இரண்டையும் தனித்தனியாக எழுதச் சொல்வது இதற்காகத்தான்.

எம்.எல்.ஏ. ஆக எவ்வளவு படிச்சிருக்கணும்? உள்ளூர்க்காரரா இருக்கணுமா?

படிப்புக்குக் கட்டாயம் எதுவும் இல்லை. இந்தியக் குடிமகனாக, 25 வயது முடிந்தவராக, தமிழ்நாட்டில் ஏதாவது ஒரு தொகுதியின் வாக்காளர் பட்டியலில் பெயர் உள்ளவராக இருந்தால் போதும். கன்னியாகுமரியில் ஓட்டு இருப்பவர் அணைக்கட்டில் நிற்கலாம். தனித் தொகுதி என்றால் பட்டியல் சாதியைச் சேர்ந்தவராக இருக்க வேண்டும். தனித் தொகுதியில் எல்லாரும் ஓட்டுப் போடலாம், நிற்பதற்குத்தான் அந்த விதி. இதைத் தெரியாமல் இன்னும் சண்டை போடுகிறவர்கள் இருக்கிறார்கள்.

டெபாசிட் போச்சுன்னு சொல்றாங்களே, அது எவ்வளவு?

சட்டமன்றத் தேர்தலுக்கு 10,000 ரூபாய், பட்டியல் சாதி, பழங்குடியினருக்கு 5,000. செல்லுபடியான ஓட்டுகளில் ஆறில் ஒரு பங்கு வாங்காமல் தோற்றால் திரும்பி வராது. அங்கீகரிக்கப்பட்ட கட்சியின் வேட்பாளருக்கு முன்மொழிய ஒரு வாக்காளர் போதும். சுயேச்சைக்கு அதே தொகுதி வாக்காளர்கள் 10 பேர் வேண்டும்.

செலவுக்கும் வரம்பு உண்டு. 2022 ஜனவரியில் அதைத் தமிழ்நாடு போன்ற மாநிலங்களுக்கு 40 லட்சம் ஆக்கினார்கள். முடிவு வந்த 30 நாளுக்குள் கணக்குக் கொடுக்க வேண்டும். அந்தக் கணக்கில் வராத பணம் எவ்வளவு ஓடுகிறது என்பது வேலூர்க்காரர்களுக்கு நான் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. அதைப் பற்றிக் கீழே ஒரு கேள்வி வருகிறது.

சட்டசபையில உட்கார்ந்து இன்னாதான் பண்றாங்க? டி.வி.யில சண்டை மட்டும்தான் தெரியுது.

இந்தக் கேள்விக்குக் கொஞ்சம் விரிவாகவே பதில் சொல்கிறேன். முதல் பதிலில் சொன்ன மூன்று வேலையும் நடக்கிற இடம் இதுதான்.

சபாநாயகர் ஒரு திருக்குறளைப் படித்து அவையைத் தொடங்குவார். பிறகு கேள்வி நேரம். உறுப்பினர் முன்கூட்டியே எழுதிக் கொடுத்த கேள்விக்குத் துறை மந்திரி எழுந்து பதில் சொல்ல வேண்டும். உதாரணத்துக்கு, குடியாத்தம் பக்கத்தில் மோர்தானா அணை இருக்கிறது. அதன் கால்வாயைத் தூர் வாரவில்லை என்று விவசாயிகள் கலெக்டரிடம் மனு கொடுத்தால் அது ஒரு கோப்பு. அதையே எம்.எல்.ஏ. கேள்வியாகக் கொடுத்தால் சென்னையில் துறைச் செயலாளர் அலுவலகத்திலிருந்து கீழே உள்ள பொறியாளர் வரைக்கும் பதில் தயார் செய்தாக வேண்டும். மந்திரி சொன்ன பதில் அவைக் குறிப்பில் அச்சாகிவிடும். பதில் போதவில்லை என்றால் உடனே துணைக் கேள்வி கேட்கலாம். "பரிசீலிக்கப்படும்" என்று உட்கார்ந்துவிட்டாலும், மந்திரி உறுதியாக ஒன்றைச் சொல்லிவிட்டால் அது நிறைவேறியதா என்று பார்ப்பதற்கென்றே அரசு உறுதிமொழிக் குழு இருக்கிறது.

அடுத்தது மானியக் கோரிக்கை. பட்ஜெட் வந்தபின் ஒவ்வொரு துறையும் தனக்கு வேண்டிய பணத்தை அவையில் கேட்டு வாங்க வேண்டும். அந்த விவாதத்தில் தன் தொகுதிக்கு என்ன வேண்டும் என்று உறுப்பினர் பேசுவார். மந்திரி பதிலுரையில் புதிய அறிவிப்புகள் வரும். நம் ஊருக்கு ஒரு புதுப் பாலமோ அரசுக் கல்லூரியோ வருவதென்றால் பெரும்பாலும் இந்த வழியில்தான் வருகிறது. அப்புறம் குழுக்கள்: அரசுக் கணக்கைத் தோண்டிப் பார்க்கும் பொதுக் கணக்குக் குழு, மதிப்பீட்டுக் குழு, பொது நிறுவனங்கள் குழு, மனுக்கள் குழு. கேமரா முன் நடக்காத வேலை என்பதால் டி.வி.யில் வராது.

உங்கள் எம்.எல்.ஏ. எத்தனை நாள் அவைக்குப் போனார், என்ன கேட்டார் என்று தேர்தல் நேரத்தில் வீட்டு வாசலில் வைத்துக் கேளுங்கள். அதைக் கேட்கிற வாக்காளர்கள் பெருகினால்தான் வேட்பாளர்கள் அதற்குத் தயாராக வருவார்கள்.

தொகுதி நிதி வருஷத்துக்கு 3 கோடியாமே, அது அவர் கைக்கு வருதா?

வராது. 2 கோடியாக இருந்தது 2017இல் 2.5 கோடி ஆனது, பிறகு 3 கோடி. பணம் மாவட்ட நிர்வாகத்திடம் இருக்கும். எந்த வேலை என்று எம்.எல்.ஏ. பரிந்துரைப்பார். கலெக்டர் நிர்வாக அனுமதி கொடுப்பார், ஊராட்சி ஒன்றியமோ நகராட்சியோ டெண்டர் விட்டுச் செய்யும். பள்ளி வகுப்பறை, ரேஷன் கடைக் கட்டடம், குடிநீர்த் தொட்டி, பயணியர் நிழற்குடை இப்படிப் பொதுவுக்குப் பயன்படும் வேலைகள்தான். தனியாருக்கும் கோயில், மசூதி, சர்ச்சுக்கும் இதில் கட்ட முடியாது.

நிழற்குடையில் அவர் பெயர் பெரிதாக எழுதியிருப்பதைப் பார்த்து அவர் சொந்தக் காசு என்று நினைக்க வேண்டாம். அது நம் வரிப்பணம். எந்த வேலைக்கு எவ்வளவு ஒதுக்கினார்கள் என்று தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டணத்தோடு கேட்கலாம்.

சம்பளம் எவ்வளவு? தோத்துட்டா பென்ஷன் உண்டா?

2017 ஜூலையில் மாதம் 55,000 ரூபாயிலிருந்து 1,05,000 ஆக உயர்த்தினார்கள், படிகள் எல்லாம் சேர்த்து. முன்னாள் உறுப்பினர்களுக்கு ஓய்வூதியம் உண்டு. அதுவும் அப்போது 12,000லிருந்து 20,000 ஆகி, பிறகும் ஏறியது. சென்னையில் தங்க ஓமந்தூரார் வளாகத்தில் விடுதி, தொகுதியில் அரசு கட்டிக் கொடுத்த அலுவலகம், பஸ் பயணச் சலுகை ஆகியவையும் உண்டு. தொகுதி அலுவலகம் கட்சி அலுவலகம் அல்ல. எந்தக் கட்சிக்கு ஓட்டுப் போட்டவரும் உள்ளே போகலாம்.

எம்.எல்.ஏ. லெட்டர் பேடுல எழுதி வாங்கினா வேலை கண்டிப்பா நடக்குமா?

தொகுதி நிதிப் பரிந்துரைக்கு மட்டும்தான் விதிப்படி மதிப்பு. மற்ற கடிதமெல்லாம் வேண்டுகோள்தான். அதிகாரி அதைப் பார்த்து வேகப்படலாம், தகுதியில்லாதவருக்குக் கொடுக்க முடியாது. இந்தக் கடிதம் வாங்கித் தருகிறேன் என்று யாராவது காசு கேட்டால் அங்கேயே திரும்பி வந்துவிடுங்கள்.

ஒரே ஆள் எத்தனை தடவை வேணும்னாலும் ஜெயிக்கலாமா? துரைமுருகன் எத்தனை தடவை?

வரம்பே இல்லை. காட்பாடித் துரைமுருகனை எடுத்துக்கொண்டால், 1971இல் காட்பாடியில் முதல் வெற்றி. 1977, 1980 இரண்டு முறை ராணிப்பேட்டையில். 1989இல் மறுபடி காட்பாடி. பிறகு 1996, 2001, 2006, 2011, 2016, 2021 என்று தொடர்ந்து ஆறு முறை காட்பாடியில். 2021 வரை மொத்தம் 10 வெற்றி. இடையில் 1984, 1991 தேர்தல்களில் அமைந்த அவைகளில் மட்டும் அவர் இல்லை. வக்கீலுக்குப் படித்தவர். தி.மு.க. ஆட்சிகளில் பொதுப்பணி, சட்டம், நீர்வளம் என்று துறைகளைப் பார்த்தார். 2016 முதல் 2021 வரை எதிர்க்கட்சித் துணைத் தலைவர், 2020இல் கட்சியின் பொதுச்செயலாளர்.

ஆனால் இதிலேயே இன்னொன்றும் இருக்கிறது. 2021இல் அவர் அ.தி.மு.க. வேட்பாளரை வென்றது வெறும் 746 ஓட்டில். அரை நூற்றாண்டு அரசியல், மாநிலமே அறிந்த பெயர், சொந்த ஊர். அப்படியும் இரண்டு தெரு ஓட்டு இந்தப் பக்கம் அந்தப் பக்கம் போயிருந்தால் முடிவு வேறு. "என் ஒரு ஓட்டால இன்னா ஆவப்போவுது" என்று சொல்கிறவர்களிடம் நான் சொல்வது இந்தக் கணக்கைத்தான்.

எம்.எல்.ஏ. ஆகாமலே மந்திரி ஆகலாமாமே? முதலமைச்சரே ஆகலாமா?

ஆகலாம், ஆனால் ஆறு மாதத்துக்குள் உறுப்பினராகிவிட வேண்டும். இதற்குச் சிறந்த உதாரணம் நம் குடியாத்தம். 1954 ஏப்ரலில் காமராஜர் முதலமைச்சர் ஆனபோது சட்டமன்ற உறுப்பினர் அல்ல, ஸ்ரீவில்லிபுத்தூர் எம்.பி. அந்த வருடமே குடியாத்தம் இடைத்தேர்தலில் நின்று, கம்யூனிஸ்ட் வேட்பாளர் கோதண்டராமனைத் தோற்கடித்து உள்ளே வந்தார். காங்கிரஸை எதிர்த்து வந்த பெரியார் காமராஜருக்காக ஆதரவு கொடுத்த தேர்தல் அது.

அவருக்குச் சுலபமான வழி ஒன்றும் இருந்தது. அப்போது மேலவை இருந்தது, அதன் உறுப்பினராக, அதாவது எம்.எல்.சி. ஆகியிருக்கலாம். அவருக்கு முன்னால் ராஜாஜி 1952இல் ஆளுநர் நியமனத்தில் மேலவை வழியாகத்தான் வந்தார். காமராஜர் மக்களிடம் ஓட்டுக் கேட்டு வர வேண்டும் என்று முடிவெடுத்து, தன் விருதுநகரிலிருந்து வெகுதூரத்தில் இருக்கும் நம் ஊருக்கு வந்தார். குடியாத்தத்துக்காரர்கள் இன்றும் பெருமையாகச் சொல்லிக்கொள்வதில் நியாயம் இருக்கிறது. மேலவை 1986இல் கலைக்கப்பட்டுவிட்டதால் தமிழ்நாட்டில் இப்போது எம்.எல்.சி. என்று யாரும் இல்லை.

கட்சி மாறினா பதவி போயிடுமா?

போகும். 1985இல் வந்த கட்சித் தாவல் தடைச் சட்டப்படி, தான் வென்ற கட்சியைத் தானாக விட்டாலும், எப்படி ஓட்டுப் போட வேண்டும் என்று கட்சியின் கொறடா போடும் உத்தரவை மீறி அவையில் ஓட்டுப் போட்டாலும் பதவி போகலாம். முடிவெடுப்பவர் சபாநாயகர். கட்சியை விட்டுவிட்டேன் என்று எழுதிக் கொடுக்க வேண்டும் என்பதுகூட இல்லை, நடத்தையே போதும். 2017இல் முதலமைச்சர் மேல் நம்பிக்கை இல்லை என்று ஆளுநரிடம் போய்க் கடிதம் கொடுத்த அ.தி.மு.க. உறுப்பினர்கள் 18 பேரை அந்தச் செப்டம்பரில் சபாநாயகர் தகுதி நீக்கம் செய்தார். அதில் மூன்று பேர் நம் பக்கம்: குடியாத்தம், ஆம்பூர், சோளிங்கர். உயர் நீதிமன்றத்தில் இரண்டு நீதிபதிகள் இரண்டு விதமாகத் தீர்ப்புச் சொல்லி, மூன்றாவது நீதிபதி 2018 அக்டோபரில் சபாநாயகர் முடிவு செல்லும் என்றார்.

எம்.எல்.ஏ. இறந்துட்டா, இல்லை பதவி போயிட்டா, தொகுதியை யார் பாப்பாங்க?

அவையில் உங்களுக்காகப் பேச யாரும் இருக்க மாட்டார்கள். அதிகாரிகள் வேலை நடக்கும், தொகுதிக்குக் குரல் இருக்காது. காலியான ஆறு மாதத்துக்குள் இடைத்தேர்தல் நடத்த வேண்டும் என்பது சட்டம். அவையின் ஆயுள் ஒரு வருடத்துக்குள் முடிகிறது என்றாலோ, நடத்துவது கடினம் என்று தேர்தல் ஆணையம் மத்திய அரசைக் கலந்து சான்று அளித்தாலோ நடத்தாமல் விடலாம். வழக்கு நடந்தாலும் தள்ளிப் போகும்.

2016இல் தொடங்கிய அவையில் குடியாத்தத்துக்கு என்ன ஆனது என்று பாருங்கள். மேலே சொன்ன தகுதி நீக்கத்தால் 2017 செப்டம்பரில் காலி. 2019 ஏப்ரல் இடைத்தேர்தலில் தி.மு.க.வின் காத்தவராயன் வென்றார், 2020 பிப்ரவரியில் இறந்துவிட்டார். அப்புறம் கொரோனா காலம், 2021 மே வரைக்கும் இடைத்தேர்தலே இல்லை. முதல் தடவை 20 மாதம், இரண்டாவது தடவை 14 மாதம். ஐந்து வருடம் என்பது 60 மாதம், அதில் 34 மாதம் குடியாத்தத்துக்கு எம்.எல்.ஏ. கிடையாது. ஊரடங்கில் நெசவும் தீப்பெட்டி வேலையும் முடங்கிக் கிடந்தபோது அந்த ஜனங்களுக்காக எழுந்து கேட்க அவையில் ஒரு ஆள் இல்லை. இதை நினைத்தால் எனக்கு இன்றும் மனசு ஆறவில்லை. காலி இடத்தை நிரப்பக் கெடு வைத்தவர்கள் அதில் இவ்வளவு பெரிய விதிவிலக்கை விட்டிருக்கக் கூடாது.

பணம் பிடிபட்டு வேலூர் எலெக்‌ஷனை நிறுத்தினாங்களே, அப்போ எம்.எல்.ஏ. இடைத்தேர்தலும் நின்னுதா?

நிற்கவில்லை. 2019 ஏப்ரல் 18 ஓட்டுப் பதிவு, 16ஆம் தேதி வேலூர் நாடாளுமன்றத் தேர்தல் மட்டும் ரத்தானது. ஆம்பூர், குடியாத்தம் வாக்காளர்கள் அன்றைக்குச் சாவடிக்குப் போய் எம்.எல்.ஏ.வுக்கு மட்டும் ஓட்டுப் போட்டு வந்தார்கள். எம்.பி.க்கு ஆகஸ்ட் 5ஆம் தேதி திரும்பவும் வரிசையில் நின்றார்கள்.

பணத்தால் நின்றது அரசியல்வாதிகளுக்கு மட்டும் வந்த இழுக்கு இல்லை. நாடு முழுக்க அன்று வேலூர் பெயர் அடிபட்டது. வாங்கினவர்களும் யோசிக்க வேண்டும்.

கேஸ் இருக்கிறவர் நிக்கலாமா? ஜெயில்ல இருந்தா?

வழக்கு நிலுவையில் இருந்தால் நிற்கலாம். வேட்புமனுவோடு கொடுக்கும் பிரமாணப் பத்திரத்தில் வழக்கு, சொத்து, கடன் எல்லாம் எழுத வேண்டும். அதை யாரும் பார்க்கலாம். விசாரணைக் கைதி சிறையிலிருந்தே நிற்கலாம், ஆனால் ஓட்டுப் போட முடியாது.

இரண்டு வருடமோ அதற்கு மேலோ தண்டனை வந்தால் அன்றைக்கே பதவி போகும், விடுதலையான பிறகும் ஆறு வருடம் நிற்க முடியாது. ஊழல் போன்ற சில குற்றங்களுக்குத் தண்டனைக் காலம் குறைவாக இருந்தாலும் தடை உண்டு. முன்பு அப்பீல் போட்டுவிட்டுப் பதவியில் தொடரலாம். 2013இல் உச்ச நீதிமன்றம் அந்தச் சலுகையை நீக்கிவிட்டது. மேல் நீதிமன்றம் தீர்ப்பையே நிறுத்தி வைத்தால்தான் தப்பிக்கலாம்.

ஓட்டுப் போட்ட நாங்களே நடுவுல அவரை இறக்க முடியாதா?

முடியாது. திரும்ப அழைக்கும் உரிமை எம்.எல்.ஏ. விஷயத்தில் நம் நாட்டில் இல்லை. ஐந்து வருடம் காத்திருக்க வேண்டும்.

அப்போ அவர்கிட்ட இன்னாதான் எழுதிக் கேட்கிறது?

அவர் மட்டுமே செய்யக்கூடியதைக் கேளுங்கள். "இன்ன பிரச்சினையைப் பேரவையில் கேள்வியாக எழுப்ப வேண்டும்" அல்லது "இன்ன துறையின் மானியக் கோரிக்கை விவாதத்தில் பேச வேண்டும்" என்று தலைப்பிலேயே எழுதுங்கள். ஒரு மனுவில் ஒரே விஷயம், ஒரே துறை, ஒரு பக்கம். எந்த ஊர், எந்த வருடத்திலிருந்து, இதுவரை யார் யாருக்கு மனு கொடுத்தீர்கள், அந்த மனு எண்கள் என்ன என்று வரிசையாக இருக்கட்டும். பத்து வீட்டுக் கையெழுத்தாவது வாங்குங்கள். பட்ஜெட் கூட்டத்துக்கு ஒரு மாதம் முன்னாலேயே கொடுத்துவிடுங்கள், கூட்டம் தொடங்கிய பிறகு கொடுத்தால் கேள்வியாக மாற்ற நேரம் இருக்காது.

அவர் எடுத்துக்கொள்ளவில்லை என்றால் பேரவையின் மனுக்கள் குழுவுக்கு நீங்களே நேராக எழுதலாம், முகவரி புனித ஜார்ஜ் கோட்டை, சென்னை 600 009. பல நாளாகத் தீராத பொதுப் பிரச்சினையாக இருக்க வேண்டும். கோர்ட்டில் இருக்கும் விஷயம், தனி ஆளின் வேலை, பட்டா, கடன் இவற்றை அந்தக் குழு எடுக்காது. அந்தக் குழு மாவட்டங்களுக்கு வந்து ஆய்வு செய்வதும் உண்டு, வரும்போது கலெக்டர் அலுவலகம் வழியாக அறிவிப்பு வெளியாகும். எதைக் கொடுத்தாலும் நகலில் தேதியோடு சீல் வாங்காமல் வீட்டுக்குப் போகாதீர்கள்.